நடந்து நடந்து சாப்பிட ஆறாயிரமா?
நுகர்வோர் கேள்வி-பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் ஐந்து ஒரே விஷயத்தைச் சுற்றியே இருந்தன. வழிகாட்டி ஒருவர் பழைய குடியேற்றத் தெருக்கள் வழியே கூட்டிப் போய், கடைக்குக் கடை நிறுத்திச் சாப்பிட வைத்து, கதையும் சொல்வாரே, அந்த உணவு நடை. பினாங்குக்குப் போகிறவர்களும் கேட்டிருக்கிறார்கள், கீழக்கரையில் போய் ஏமாந்தவரும் கேட்டிருக்கிறார். அதனால் இந்த வாரம் வாஷிங் மெஷினுக்கும் நகைச்சீட்டுக்கும் விடுமுறை.

கேள்வி: மகன் கோலாலம்பூரில் வேலை பார்க்கிறான். எங்கள் இருவரையும் பினாங்கு ஜார்ஜ் டவுனில் உணவு நடை ஒன்றுக்கு அனுப்பப் போகிறானாம். நாலு மணி நேரம், பதினைந்து பண்டம், ஆளுக்கு 300 ரிங்கிட். நம்ம காசுக்கு ஆறாயிரத்துக்கு மேல் வருகிறது. என் அத்தாவுடைய அத்தா அந்த ஊரில் தோளில் கண்டார் தூக்கிச் சோறு விற்றவர். அவர் சுமந்து நடந்த தெருவில் நான் காசு கொடுத்து நடக்கவா? (பனைக்குளம் வாசகர்)

பதில்: கடைசி வரியைப் படித்துச் சிரித்துவிட்டேன். ஆனால் கேள்வி நியாயமானது.

முதலில் கணக்கு. அங்கே கோழித் துண்டோடு ஒரு தட்டு நாசி கண்டார் சோறு பத்துப் பதினைந்து ரிங்கிட்டுக்குள் முடிந்துவிடும். பதினைந்து பண்டத்தையும் நீங்களே வாங்கிச் சாப்பிட்டாலும் 300 ஆகாது, வயிறும் தாங்காது. ஆக, சாப்பாட்டுக்காக நீங்கள் கொடுப்பது அதில் ஒரு பங்குதான். மீதியெல்லாம் எந்தக் கடை என்று தேர்ந்து கொடுப்பதற்கும், வரிசையில் நின்று வாங்கித் தருவதற்கும், கதை சொல்வதற்கும். அந்தக் கதை உங்களுக்குத் தேவையா என்பதைத்தான் யோசிக்க வேண்டும்.

கதையில் பாதி உங்கள் வீட்டுக் கதை. கண்டார் என்றால் மலாயில் தோளில் சுமக்கும் தடி. ஒரு பக்கம் சோறு, மறுபக்கம் குழம்புப் பானைகள், நம்மூர்க் காவடி மாதிரி. துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர்களுக்குத் தமிழ் முஸ்லிம்கள் அப்படிச் சுமந்து விற்ற சோறுதான் இன்றைக்கு ஏசி ஹோட்டலில் நாசி கண்டார். அந்தக் கடைக்காரர்களை மாமாக் என்கிறார்கள். அது நம்ம 'மாமா'தான். சூலியா தெருவில் நாகூர் தர்கா என்ற பெயரிலேயே ஒரு தர்கா இருக்கிறது. பக்கத்தில் கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல். அந்தப் பள்ளிவாசல் நிற்கும் சாலையில் சீனர்களின் குவான் யின் கோயிலும், சாலை முனையில் 1818-இல் எழுந்த செயின்ட் ஜார்ஜ் தேவாலயமும் இருக்கின்றன. மாரியம்மன் கோயிலுக்குப் பக்கத்துத் தெருவுக்குத் திரும்ப வேண்டும், அவ்வளவுதான். ரஜூலா கப்பலில் போய் இறங்கியவர்களின் பேரப்பிள்ளைக்கு இதையெல்லாம் ஒரு வழிகாட்டி ஆங்கிலத்தில் விளக்கி, அதற்கு நீங்கள் ஆறாயிரம் கொடுப்பது எனக்கும் கொஞ்சம் உறுத்தத்தான் செய்கிறது.

ஆகவே என் யோசனை: உங்களுக்குத் தெரியாத தெருவுக்குக் காசு கொடுங்கள். சீனர் பகுதியையும் மலாய்க்காரர் பகுதியையும் மட்டும் சுற்றும் இரண்டு மணி நேர நடை கிடைக்கிறதா என்று மகனைப் பார்க்கச் சொல்லுங்கள். விலையும் குறையும். சூலியா தெருவுக்கு உறவினர் யாரையாவது கூட்டிக்கொண்டு நீங்களே போங்கள். பனைக்குளத்துக்காரருக்குப் பினாங்கில் சொந்தம் இல்லாமலா போகும்?

பணம் கட்டுவதற்கு முன் எழுத்தில் கேட்க வேண்டியவை சில உண்டு. 'பதினைந்து பண்டம்' என்றால் பதினைந்து தட்டா, இல்லை பல்குத்தும் குச்சியில் குத்திய பதினைந்து துண்டா? ஒரு குழுவில் எத்தனை பேர்? பத்துக்கு மேல் போனால் பின்னால் நடப்பவர் காதில் கதை விழாது, வெயில்தான் விழும். வழிகாட்டி என்ன மொழி பேசுவார்? மலேசியாவில் சுற்றுலா வழிகாட்டிக்கு அரசு உரிமம் வேண்டும், வேலையில் இருக்கும்போது அந்த அட்டையை அணிந்திருக்கவும் வேண்டும். முன்பதிவின்போதே உரிமம் உண்டா என்று கேட்டுவிடுங்கள்.

அப்புறம் முழங்கால். ஜார்ஜ் டவுன் கடைவீடுகளுக்கு முன்னால் 'ஐந்தடி' என்று சொல்லும் கூரை போட்ட நடைபாதை உண்டு. வெயிலுக்கும் மழைக்கும் அருமையான ஏற்பாடு. ஆனால் ஒரு கடையின் தளம் அரையடி உயரம், அடுத்தது தாழ்வு, நடுவில் ஒரு பைக், அதைத் தாண்டினால் சாக்கடை மூடி. நாலு மணி நேரம் ஏறி இறங்க வேண்டும். அறுபதைத் தாண்டியவர்கள் தூரத்தை மட்டும் கேட்டால் போதாது, நடுவில் எத்தனை தடவை உட்கார வைப்பார்கள் என்றும் கேட்க வேண்டும்.

பணத்தை மகனே அங்குள்ள கார்டில் கட்டட்டும். இங்கிருந்து நீங்கள் கட்டினால் வங்கி அந்நியச் செலாவணிக் கட்டணமும் அதன் மேல் ஜிஎஸ்டியும் போடும். 'ரூபாயிலா ரிங்கிட்டிலா' என்று திரையில் கேட்டால் ரிங்கிட்டையே தொடுங்கள். ரூபாய் என்று தொட்டால் மாற்று விகிதத்தை அவர்கள் வைப்பார்கள், அது பெரும்பாலும் நமக்குச் சாதகமாக இருக்காது.

கேள்வி: ஓய்வுபெற்ற ஆசிரியர்கள் ஆறு பேர் பினாங்கு போகிறோம். நான்கு பேர் சுத்த சைவம். ஒருவர் முஸ்லிம் நண்பர். ஒருவருக்கு இறால் ஆகாது. 'சைவமும் உண்டு, ஹலாலும் உண்டு' என்று உணவு நடை நடத்துபவர்கள் சொல்கிறார்கள். நம்பலாமா? (இராமநாதபுரம் வாசகர்)

பதில்: அவர்கள் பொய் சொல்வதாக நான் நினைக்கவில்லை. நீங்கள் சொல்லும் சைவமும் அவர்கள் நினைக்கும் சைவமும் வேறு வேறு, சிக்கல் அங்கேதான். இறைச்சி கண்ணில் படாவிட்டால் சைவம் என்று எடுத்துக்கொள்ளும் ஊர் அது. பெலாச்சான் என்கிற புளிக்கவைத்த இறால் விழுது சம்பலில் இருக்கும், கீரை வதக்கலிலும் இருக்கும். அசாம் லக்சா என்கிற புளிப்பு நூடுல்ஸோ மீன் குழம்பில்தான் நிற்கிறது, மேலே ஊற்றும் கறுப்புச் சாறும் இறாலில் செய்ததுதான். ஆக, உங்கள் இறால் ஒவ்வாமை நண்பருக்குச் சைவக்காரர்களை விடவும் ஆபத்து அதிகம். அவர் மட்டும் மருத்துவரிடம் கேட்டு மாத்திரையோடு போகட்டும்.

முஸ்லிம் நண்பருக்குச் சீனக் கடைகளில் சிக்கல். சார் கொய்த்தியாவ் என்கிற வறுத்த தட்டை நூடுல்ஸைப் பல கடைகளில் பன்றிக்கொழுப்பில்தான் வறுப்பார்கள். அதில்லாமல் வறுக்கும் முஸ்லிம் கடைகளும் உண்டு. ஆனால் வழிகாட்டி எந்தக் கடைக்குக் கூட்டிப் போவார் என்பது முன்பே தெரிய வேண்டும்.

ஆகவே 'சைவம்' என்ற ஒற்றைச் சொல்லோடு விடாதீர்கள். முட்டை, மீன், நெத்திலி, பெலாச்சான், பன்றிக்கொழுப்பு என்று பெயர் சொல்லி எழுதுங்கள். பதினைந்தில் எத்தனை பண்டம் உங்களுக்கு மிஞ்சும் என்று கேளுங்கள். ஐந்துதான் என்றால் விலையைக் குறைக்கச் சொல்வதில் தப்பே இல்லை. எதற்கும் செண்டோல் மிஞ்சும். பச்சை இலைச்சாறு சேர்த்த அரிசிமாவு இழை, தேங்காய்ப்பால், பனைவெல்லப் பாகு, ஐஸ். இதே அரிசிமாவையும் தேங்காய்ப்பாலையும் கருப்பட்டியையும் கீழக்கரையில் மணிக்கணக்கில் கிண்டினால் தொதல். அதற்கும் மலாய்க்காரர்களிடம் டோடோல் என்றுதான் பெயர்.

கேள்வி: இன்ஸ்டாகிராமில் பார்த்து, கீழக்கரையில் 'பாரம்பரிய உணவு நடை' ஒன்றுக்கு நாலு பேருக்கு 4,800 ரூபாய் ஜிபே செய்தோம். ஏழு இடம் என்று போட்டிருந்தார்கள். போன நாள் வெள்ளிக்கிழமை. மதியம் போய் நின்றால் நாலு இடம் பூட்டிக் கிடந்தது. ஒரு துண்டு வட்டிலப்பம், ஒரு டீ, பாதிப் புரோட்டா, கொஞ்சம் வரலாறு. மீதிப் பணத்தைக் கேட்டால் 'முன்பதிவுக்கு ரீஃபண்ட் கிடையாது' என்கிறார்கள். பில்லும் தரவில்லை. (மதுரையிலிருந்து ஒரு வாசகி)

பதில்: கீழக்கரையில் வெள்ளி மதியம் நடை வைத்தவருக்கு முதலில் ஊரைப் பற்றி யாராவது நடை நடத்த வேண்டும். ஜும்ஆ தொழுகை நேரத்தில் கடை அடைப்பார்கள் என்பது அங்கே பள்ளிக்கூடப் பிள்ளைக்குக்கூடத் தெரியும். எதிர்பாராமல் வந்த தடை என்று அவர்கள் இதைச் சொல்ல முடியாது.

நீங்களாகவே வராமல் இருந்து பணம் கேட்டால் 'ரீஃபண்ட் கிடையாது' என்று அவர்கள் சொல்வதில் கொஞ்சமாவது அர்த்தம் இருக்கும். ஏழு சொல்லி மூன்று காட்டியவருக்கு அந்த வரி உதவாது. சட்டத்தில் இதற்குப் பெயர் சேவைக் குறைபாடு. 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில், பில் தராமல் இருப்பதும், குறையுள்ள சேவைக்கு வாங்கிய பணத்தைத் திருப்பித் தர மறுப்பதும் நியாயமற்ற வணிக முறைகளின் பட்டியலிலேயே இருக்கின்றன. பணத்தைத் திருப்பித் தரப் பில்லில் காலக்கெடு போடாவிட்டால் 30 நாள் என்று சட்டமே சொல்கிறது.

முதலில் இன்ஸ்டா விளம்பரத்தை ஸ்கிரீன்ஷாட் எடுத்துவிடுங்கள், இன்றைக்கே. இந்தக் கடிதம் அச்சாவதற்குள் 'ஏழு இடம்' என்பது 'சில இடங்கள்' ஆகிவிடும். ஜிபே ரசீது, வாட்ஸ்அப் பேச்சு, பூட்டிய கடை முன்னால் எடுத்த படம் ஏதாவது இருந்தால் அது. பிறகு ஒரு செய்தி அனுப்புங்கள். கோபம் வேண்டாம், திட்டு வேண்டாம். "ஏழில் நான்கு கிடைக்கவில்லை, அதற்குரிய தொகையை இந்தத் தேதிக்குள் திருப்பி அனுப்பவும்", இவ்வளவு போதும். முழுப் பணத்தையும் கேட்காதீர்கள். மூன்று இடத்தில் சாப்பிட்டிருக்கிறீர்கள், அதை மறைத்துக் கேட்டால் உங்கள் வழக்கே பலவீனமாகும்.

பதில் வராவிட்டால் 1915-க்கு அழையுங்கள். தேசிய நுகர்வோர் உதவி எண், தமிழிலும் பேசலாம். இந்த அளவுத் தொகைக்கு அதிலேயே பல சமயம் வேலை முடிந்துவிடும். முடியாவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையம். நீங்கள் கீழக்கரைக்கு அலைய வேண்டியதில்லை. நீங்கள் குடியிருக்கும் மதுரையிலேயே புகார் கொடுக்கலாம், ஆன்லைனிலும் கொடுக்கலாம். ஐந்து லட்சம் வரை கட்டணம் இல்லை, வக்கீலும் கட்டாயம் இல்லை. இரண்டு வருடத்துக்குள் கொடுத்தாக வேண்டும்.

அடுத்த தடவை போவதானால் ஒன்று: முழுப் பணத்தையும் முன்னால் கட்டாதீர்கள். பாதி முன்பணம், மீதி கடைசிக் கடை வாசலில். அப்புறம், அந்த ஊரை இதை வைத்து எடை போட்டுவிடாதீர்கள். வெள்ளி தவிர்த்து வேறொரு நாள் போய், கல்தூண்கள் நிற்கும் பழைய ஜும்ஆ பள்ளியைப் பார்த்துவிட்டு, தொதல் கடை ஒன்றில் கால் கிலோ வெட்டி வாங்குங்கள். எண்ணெய்த் தாளில் வைத்து மடிக்கும்போதே தாள் பளபளக்கும். அதற்கு வழிகாட்டி தேவையில்லை.

கேள்வி: சில நகரங்களில் 'இலவச நடை, விருப்பப்பட்டதைக் கொடுங்கள்' என்கிறார்கள். அதுதானே லாபம்? (மண்டபம் வாசகர்)

பதில்: லாபம்தான், பிடித்தால். ஆனால் இலவசமாகத் தரும் சேவை நம் நுகர்வோர் சட்டத்துக்குள் வராது, குறை சொல்லவும் இடமில்லை. இன்னொன்று, சாப்பாட்டுச் செலவு பெரும்பாலும் உங்களுடையது, கடைசியில் தொப்பி நீளும்போது ஒன்றும் போடாமல் வரவும் மனசு வராது. மொத்தத்தையும் கூட்டிப் பார்த்துவிட்டு 'இலவசம்' என்று சொல்லுங்கள்.

கேள்வி: நான் வீட்டில் தொதலும் ஓட்டுமாப் பலகாரமும் செய்து தெரிந்தவர்களுக்கு விற்கிறேன். சென்னையிலிருந்து ஒருவர், மாதம் இரண்டு தடவை பன்னிரண்டு பேரைக் கூட்டி வருகிறேன், வீட்டிலேயே செய்து காட்டிச் சாப்பிடக் கொடுங்கள் என்கிறார். தலைக்கு 100 ரூபாய் தருவாராம். ஒத்துக்கொள்ளலாமா? (கீழக்கரை வாசகி)

பதில்: லாத்தா, அவர் வருகிறவர்களிடம் தலைக்கு எவ்வளவு வாங்குகிறார் என்று கேட்டீர்களா? அதைக் கேட்காமல் நூறுக்குத் தலையாட்ட வேண்டாம். இந்த நடையில் மற்ற இடமெல்லாம் கடை. உங்கள் அடுப்படி ஒன்றுதான் அவர்களால் வேறெங்கும் வாங்க முடியாதது.

தொதல் கிண்டத் தெரிந்தவருக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. தேங்காய்ப்பால் வற்றி, எண்ணெய் பிரிந்து, சட்டியில் ஒட்டாமல் சுருண்டு வரும்வரை கை எடுக்க முடியாது. பன்னிரண்டு பேர் படம் பிடித்துக்கொண்டு நிற்கும்போது அதைச் செய்வது இன்னொரு வேலை. பண்டத்துக்கு ஒரு விலை, செய்து காட்டுவதற்கு ஒரு விலை என்று தனித்தனியாகச் சொல்லுங்கள். பன்னிரண்டில் எட்டுப் பேர் வந்தாலும் குறைந்தபட்சத் தொகை இவ்வளவு என்று வைத்துக்கொள்ளுங்கள். மூன்று நாள் முன்னால் பாதி முன்பணம், அதையும் வாட்ஸ்அப்பில் எழுதி வாங்குங்கள். வீட்டுப் பெண்களைப் படம் எடுக்கக் கூடாது என்றால் அதையும் அதே செய்தியில் போட்டுவிடுங்கள்.

வீட்டில் செய்து விற்றாலும் உணவுப் பாதுகாப்புப் பதிவு வேண்டும். சிறு அளவில் செய்பவர்களுக்கு அடிப்படைப் பதிவு, ஆண்டுக்கு 100 ரூபாய்தான். ஆன்லைனில் போடலாம், 14 இலக்க எண் கிடைக்கும். அதை அடுப்படிச் சுவரில் ஒட்டி வையுங்கள். யாருக்காவது வயிறு சரியில்லை என்று பேச்சு வந்தால், கூட்டி வந்தவர் முதலில் உங்கள் பக்கம்தான் கை காட்டுவார்.

நெய், முந்திரி சேர்ப்பதாக இருந்தால் வருகிறவர்களிடம் முன்பே சொல்லச் சொல்லுங்கள். சாப்பிட்டு முடித்ததும் கால் கிலோ பொட்டலங்களைக் கண்ணில் படும்படி அடுக்கி வையுங்கள். அதில் வரும் காசு முழுக்க உங்களுடையது, கூட்டி வந்தவருக்குக் கமிஷன் கிடையாது என்பதை முதல் நாளே சொல்லிவிடுங்கள்.