பழைய ‘யூ-கி-ஓ ஃபார்பிடன் மெமரீஸ்’ என்னும் அட்டைச் சண்டை வீடியோ விளையாட்டை ரசிகர்கள் செய்த மாட் போட்டு விளையாடலாமா? அது ஏமாற்று வேலை ஆகாதா?

போடலாம், அதை ஏமாற்று வேலை என்று நான் கருதவில்லை. (ஒரு விளையாட்டில் ரசிகர்கள் தாமாகச் செய்யும் மாற்றமே ‘மாட்’. அதோடு வேற்றுமை உருபைச் சேர்த்தால் மாட்டைப் பிடித்துக் கட்டுவதுபோல் ஆகிவிடுவதால், இனித் திருத்தம் என்றே எழுதுகிறேன்.) அட்டைகள் நம் கைக்கு வந்துசேரும் வேகத்தை மட்டும் மாற்றுகிற திருத்தம் அந்த விளையாட்டுக்குச் செய்யும் உதவி. தொடக்கத்திலேயே வலுவான அட்டைகளைத் தூக்கிக் கொடுத்துவிடுகிற திருத்தமோ அதை விளையாட வேண்டிய தேவையையே இல்லாமல் செய்துவிடும்.

ஜப்பானில் 1999இலும் அமெரிக்காவில் 2002இலும் முதல் பிளேஸ்டேஷனுக்காகக் கோனாமி வெளியிட்ட இந்த விளையாட்டில் மொத்தம் 722 அட்டைகள். 40 அட்டைகள் கொண்ட கட்டோடு ஆடி ஒருவரை வென்றால் பரிசாகக் கிடைப்பது ஒரே ஓர் அட்டை. அது எந்த அட்டை என்பதை எதிராளிக்கு எதிராளி மாறுபடும் ஒரு பட்டியல் தீர்மானிக்கிறது. அந்தப் பட்டியலில் எல்லா அட்டைகளுக்கும் உள்ள வாய்ப்பைக் கூட்டினால் மொத்தம் 2048 பங்கு. நாம் விரும்பும் அட்டைக்கு அதில் 10 பங்கு இருப்பதாக வைத்துக்கொண்டாலும், சராசரியாக 200 முறைக்கு மேல் அதே ஆளை வென்றால்தான் அது கிடைக்கும். அட்டைக்குரிய கடவுச்சொல்லை இட்டு, விளையாட்டுக்குள் புழங்கும் காசான ஸ்டார் சிப் கொடுத்து வாங்கும் வழியும் உண்டு. ஆனால் வலுவான அட்டையான ப்ளூ-ஐஸ் ஒயிட் டிராகனின் விலை 9,99,999 சிப். ஒரு வெற்றிக்குக் கிடைப்பதோ அதிகபட்சம் 5. வகுத்துப் பார்த்தால் ஏறத்தாழ 2 லட்சம் வெற்றிகள் தேவைப்படும்! போதாக்குறைக்கு, ஜப்பானில் மட்டுமே விற்பனையான பாக்கெட்ஸ்டேஷன் என்னும் சிறு கருவியின் வழியாகப் பெற வேண்டிய அட்டைகள் சில, மற்ற நாட்டுப் பதிப்புகளில் பெயரளவுக்குத்தான் இருக்கின்றன.

நான் இதை ஆடியது பாலக்கோட்டில், 2008இல், பெங்களூருவில் வேலை பார்த்த சித்தப்பா கொண்டுவந்த பழைய பிளேஸ்டேஷனில். பங்குனியில் எங்கள் வீட்டுத் திண்ணையில் புளி தட்டிக் கொட்டை எடுக்கும் வேலை நடக்கும். இடையிடையே எழுந்து போய் ஆடியதில் கன்ட்ரோலரின் பொத்தான்கள் புளிப் பிசுக்கேறி ஒட்டிக்கொள்ளும். எந்த அட்டையோடு எந்த அட்டையைச் சேர்த்தால் என்ன பிறக்கும் என்பதை விளையாட்டு சொல்லித் தராது என்பதால், நானும் அக்காவும் ஒரு லாங் சைஸ் நோட்டில் எழுதி வைத்தோம். டிராகன் வகை அட்டையோடு தண்டர் வகை அட்டையைச் சேர்த்தால் 2800 தாக்குதல் வலிமையுள்ள இரட்டைத் தலை டிராகன் வரக்கூடும் என்று தற்செயலாகத் தெரிந்துகொண்ட நாளில், அக்கா அந்த வரியின் கீழ் சிவப்பு மையில் இரண்டு கோடு போட்டாள்.

இந்த விளையாட்டின் உயிர் அந்தச் சேர்க்கைகளில்தான் இருக்கிறது என்பதால்தான், ஒரு வெற்றிக்கு 15 அட்டைகள் தரும் திருத்தத்தை நான் பரிந்துரைக்கிறேன். எதிராளிகளின் கட்டுகளும் சேர்க்கை விதிகளும் அப்படியே இருக்க, நான் மேலே சொன்ன 200 வெற்றிகள் 14 ஆகக் குறைகின்றன. விளையாட்டை மிகக் குறைந்த நேரத்தில் முடிக்கப் போட்டியிடும் விரைவு ஆட்டக்காரர்களிடையே இதற்கென்று தனிப் பிரிவே இருக்கிறது என்பதிலிருந்து இதன் செல்வாக்கைப் புரிந்துகொள்ளலாம். கிடைக்காத அட்டைகளையும் பரிசுப் பட்டியலில் சேர்த்துவிடுகிற திருத்தங்களும் நல்லவையே. அட்டைகளின் வலிமையையும் சேர்க்கைகளையும் கலைத்துப் போடுபவை, மூல விளையாட்டை ஒருமுறையாவது முடித்தவர்களுக்கு மட்டுமே சுவைக்கும்.

போடும் முறையில் பெரிய சூட்சுமம் எதுவும் இல்லை. திருத்தம் பேட்ச் என்னும் கோப்பாகக் கிடைக்கும்; அதில் இருப்பது மாற்றங்கள் மட்டுமே. உங்களிடம் உள்ள குறுந்தகட்டிலிருந்து எடுத்த பிம்பக் கோப்பின் (தகட்டின் முழு உள்ளடக்கமும் அடங்கிய கோப்பு) நகலில் அதைச் செலுத்தி, டக்ஸ்டேஷன் போன்ற எமுலேட்டரில், அதாவது பிளேஸ்டேஷன் போலவே இயங்கும் மென்பொருளில், திறக்க வேண்டும். அமெரிக்கப் பதிப்புக்கான பேட்ச் ஐரோப்பியப் பதிப்புக்குப் பொருந்தாது; ‘வேலை செய்யவில்லை’ என்று வரும் புலம்பல்களில் பாதிக்கு இதுதான் காரணமாக இருக்கும் என்பது என் ஊகம்.

கடந்த கோடை விடுமுறைக்கு வந்திருந்த அக்கா மகன், “மாமா, இதுல பாதி கார்டு வரவே வராதாமே?” என்று கேட்டபோது, அவனுக்கு இந்த 15 அட்டைத் திருத்தத்தைத்தான் போட்டுக் கொடுத்தேன். மூன்றே நாளில் அவனிடம் சேர்ந்த அட்டைகளை நான் ஓராண்டு ஆடியும் கண்ணால் பார்த்ததில்லை. ஆனாலும் கடைசி ஆறு ஆட்டங்களில் நான்காவதாக வரும் சேட்டோ என்னும் எதிராளியிடம் தோற்றுவிட்டு, பரணிலிருந்த நோட்டைத் தேடி எடுக்கச் சொன்னான்.

அந்த ஆறு ஆட்டங்களையும் நடுவில் சேமிக்க முடியாமல் தொடர்ந்து வெல்ல வேண்டும். 2008இன் மின்வெட்டில், ஐந்தாவது ஆட்டம் நடந்துகொண்டிருந்தபோது திரை அணைந்து, எல்லாவற்றையும் முதலிலிருந்து தொடங்கியவன் நான். எனவே எமுலேட்டரில் நினைத்த இடத்தில் நிறுத்திச் சேமிக்கும் வசதியைப் பயன்படுத்துவது ஏமாற்றா என்று யாராவது அடுத்த கேள்வி கேட்டால், என்னிடம் நடுநிலையான பதிலை எதிர்பார்க்க வேண்டாம்.