முகம் மட்டும் அவருடையது: டீப்ஃபேக்கும் சட்டமும், கேள்வி பதில்

கே: மேடம், ஒரு நடிகையோட சமூக ஊடகப் பக்கங்களைப் பார்த்துக்கிறேன். ஏ.ஐ. மூலம் அவங்க முகத்தை ஒட்டின ஆபாச வீடியோ (டீப்ஃபேக்) வந்தா முதல்ல என்ன செய்யணும்?

ப: ரிப்போர்ட் பட்டனில் கை வைக்காதீர்கள், முதலில் ஆதாரம். வீடியோ நீங்கிவிட்டால் போலீஸிடம் காட்ட ஒன்றும் மிஞ்சாது. அந்தக் கணக்கின் முகப்பிலிருந்து பதிவு வரை போவதை, முகவரிப் பட்டை தெரியும்படி ஸ்கிரீன் ரெக்கார்டிங் எடுங்கள். பதிவின் முழு லிங்க், பயனர் பெயர், தேதி, நேரம் குறித்துக்கொள்ளுங்கள். வெட்டி எடுத்த ஸ்கிரீன்ஷாட்டில் லிங்க் இருக்காது. பயனர் பெயரை மாற்றிவிட்டால் ஆள் கைநழுவிப் போவார்.

ரெக்கார்டிங்கை வக்கீலுக்கு வாட்ஸ்அப்பில் வீடியோவாக அனுப்புவது அடுத்த தப்பு. அது சுருங்கிப் போய்ச் சேரும், ஹாஷ் மதிப்பு (கோப்பின் கைரேகை போன்ற குறியீடு) மாறிவிடும். மின்னணு ஆதாரத்தோடு தரும் பாரதிய சாக்ஷிய அதிநியம் (சாட்சியச் சட்டம்) 63ஆம் பிரிவுச் சான்றிதழில் ஹாஷ் மதிப்பைக் குறிப்பிட வேண்டும். மூலக் கோப்பைப் பென்டிரைவில் அப்படியே கொடுங்கள்.

கே: நீக்கச் சொல்லி நானே புகார் தரலாமா, அவங்கதான் தரணுமா?

ப: நீங்களே தரலாம். 2021 தகவல் தொழில்நுட்ப (ஐ.டி.) விதிகளில் 3(2)(ஆ), அதாவது ஆங்கிலத்தில் 'பி', பாதிக்கப்பட்டவர் சார்பில் யாரும் புகார் தர இடம் கொடுக்கிறது. மார்ஃபிங் படங்களையும் சேர்த்தே சொல்கிறது. முதலில் 24 மணி நேரக் கெடு இருந்தது. 2026 பிப்ரவரித் திருத்தம் அதை இன்னும் சுருக்கிவிட்டது. பட்டனோடு நிற்காமல், விதி எண்ணைப் போட்டு நிறுவனத்தின் குறைதீர்ப்பு அதிகாரிக்கு மெயில் அனுப்புங்கள். மறுத்தால் 30 நாளுக்குள் குறைதீர் மேல்முறையீட்டுக் குழுவுக்குப் போகலாம்.

கே: எஃப்.ஐ.ஆரில் ஐ.டி. சட்டத்தோட 66ஈ (66E) பிரிவைப் போட்டிருக்காங்க. நிக்குமா?

ப: சிக்கல் இங்கேதான். 66ஈ ஒருவரின் அந்தரங்க உறுப்பைப் படம் பிடிப்பதைப் பற்றியது. டீப்ஃபேக்கில் உடம்பு வேறொருவருடையது, எதிர்த்தரப்பு அதைத்தான் பிடித்துக்கொள்ளும். முகத்தைத் தனித்த அடையாளமாக எடுத்துக்கொண்டு அடையாளத் திருட்டுக்கான 66சி, நற்பெயரைக் கெடுக்கும் போலி மின்னணுப் பதிவு என்று பாரதிய நியாய சன்ஹிதா (புதிய தண்டனைச் சட்டம்) 336(4), இரண்டையும் கேளுங்கள். பாலுறவுக் காட்சி என்றால் 67ஏ கட்டாயம் இருக்கட்டும். பொதுவான ஆபாசத்துக்கான 67 மட்டும் என்றால் முதல் தடவைக்கு 3 ஆண்டு வரைதான், ஜாமீன் கிடைக்கக்கூடியது. 67ஏ 5 ஆண்டு வரை, ஜாமீனில் வர முடியாத பிரிவு. இன்னொன்று: ஐ.டி. சட்ட வழக்கை இன்ஸ்பெக்டருக்குக் கீழ் உள்ளவர் விசாரிக்கக் கூடாது (பிரிவு 78). எஸ்.ஐ. விசாரித்தால் அதுவே எதிர்த்தரப்புக்கு வாதம்.

கே: சினிமா ஸ்டில்ஸை வச்சுத்தான் பண்ணிருக்காங்க. காப்பிரைட் போடலாமா?

ப: போடலாம், ஆனால் நடிகை போட முடியாது. ஸ்டில்லின் உரிமை பெரும்பாலும் தயாரிப்பாளரிடம்தான் இருக்கும். அவர் கையெழுத்தில் நோட்டீஸ் போகட்டும்.

கே: மாட்டினவங்க, 'நான் ஃபார்வர்டு மட்டும்தான் பண்ணினேன்'னு சொன்னா?

ப: 67ம் 67ஏயும் வெளியிடுவதோடு அனுப்புவதையும் குற்றமாகவே சொல்கின்றன. 'மட்டும்' என்ற சொல்லுக்குச் சட்டத்தில் இடமில்லை.

கே: யார் செய்தார்னே தெரியலை. நூறு கணக்குல ஓடுது. கோர்ட்டுக்குப் போய் என்ன பயன்?

ப: பெயர் தெரியாதவரைப் பிரதிவாதியாக்கி வழக்குப் போடலாம். நம் கோர்ட்டுகளில் அந்த ஆளுக்கு 'அசோக் குமார்' என்றே பெயர்! பெயரையும் உருவத்தையும் பிறர் பயன்படுத்துவதற்கு எதிராக 2015ல் சென்னை உயர் நீதிமன்றம் ரஜினிகாந்துக்குத் தடையாணை தந்தது. 2025 செப்டம்பரில் டெல்லி உயர் நீதிமன்றம் ஐஸ்வர்யா ராய்க்குத் தந்த ஆணை ஏ.ஐ. படங்களையும் தொட்டது. மனுவில் லிங்குகளைப் பட்டியலாகக் கொடுங்கள். 'இது போன்ற எல்லாம்' என்று எழுதினால் எதை நீக்குவது என்று நிறுவனம் திருப்பிக் கேட்கும்.

கே: அந்த உடம்புக்குச் சொந்தக்காரர்?

ப: அவரும் பாதிக்கப்பட்டவர்தான். 2023 நவம்பரில் ராஷ்மிகா மந்தனா பெயரில் பரவிய லிஃப்ட் வீடியோவில் தொடக்க நொடியில் வேறொரு பெண்ணின் முகம் தெரிந்தது. மூல வீடியோ அவருடையது. அப்படிப்பட்டவரின் மூலப் பதிவு கிடைத்தால் போலி என்று நிரூபிக்கப் பாதி வேலை முடிந்தது. அவர் சம்மதித்தால் அவரையும் சாட்சியாகச் சேருங்கள்.