முகாமில் அடைக்கப்பட்டபோது வயது பத்தா, எட்டா? மேடையில் கேட்கலாமா?

கேள்வி: வட கொரியாவில் அரசியல் கைதிகளை அடைத்துவைத்த யோதொக் முகாமில் சிறுவயதைக் கழித்து, பின்னர் நாட்டைவிட்டுத் தப்பி வந்த ஒரு பெண்மணி எங்கள் மாணவர் மன்றத்தில் மொழிபெயர்ப்பாளர் உதவியுடன் பேச இருக்கிறார். முகாமுக்குக் கொண்டுபோகப்பட்டபோது தனக்குப் பத்து வயது என்று ஒரு பேட்டியில் சொல்கிறார், இன்னொன்றில் எட்டு. கூட்டத்தை நடத்தப்போவது நான். மேடையில் இதைக் கேட்கலாமா?

பதில்: மேடையில் வேண்டாம். கூட்டத்துக்குச் சில நாட்கள் முன்பே, தனியாக, மொழிபெயர்ப்பாளரை வைத்துக்கொண்டு கேளுங்கள். மரபான கொரியக் கணக்கில் பிறந்த குழந்தைக்கே ஒரு வயது. அடுத்த புத்தாண்டில் இன்னொன்று கூடிவிடும். டிசம்பரில் பிறந்த குழந்தைக்குச் சில வாரங்களிலேயே இரண்டு வயது. ஒரு மொழிபெயர்ப்பாளர் இதை நம் கணக்குக்கு மாற்றியிருப்பார், மற்றவர் அப்படியே விட்டிருப்பார். உங்களை உறுத்தும் அந்த இரண்டு ஆண்டுக்குக் காரணம் இதுவாகவே இருக்கலாம்.

சித்திரவதைக்கு உள்ளானவர்களின் நினைவில் தேதியும் வரிசையும் குழம்புவது இயல்பு. அதை மட்டும் வைத்துப் பொய் என்று முடிவுகட்டக் கூடாது என்பதை, இவர்களைப் பரிசோதிக்கும் மருத்துவர்களுக்கான இஸ்தான்புல் நெறிமுறையும் வலியுறுத்துகிறது. ஆண்டைக் கேட்பதைவிட, அப்போது பனி பெய்ததா, தம்பி நடக்கத் தொடங்கியிருந்தானா என்று கேட்டால் நினைவு தெளிவாக வரும். கண்ணால் கண்டது எது, பிறர் சொல்லிக் கேட்டது எது என்பதையும் அவரே பிரித்துச் சொல்லட்டும்.

இந்தக் கவனம் எதற்கு என்றால், வட கொரியாவிலிருந்து தப்பி வந்து தன் முகாம் வாழ்க்கையை உலகுக்குச் சொன்ன ஷின் டோங்-ஹியுக்கை நினைத்துப் பாருங்கள். 14ஆம் முகாமில் நடந்ததாகச் சொன்ன சில நிகழ்வுகள் உண்மையில் 18ஆம் முகாமில் நடந்தவை என்று அவர் 2015 ஜனவரியில் ஒப்புக்கொண்டார். வட கொரியாவின் மனித உரிமை மீறல்களை ஆராய்ந்த ஐ.நா. விசாரணை ஆணையத்தின் அறிக்கையே பொய் என்று சொல்ல அந்நாட்டு அரசு அதைப் பிடித்துக்கொண்டது. மைக்கேல் கர்பி தலைமையிலான அந்த ஆணையமோ 80க்கும் மேற்பட்டோரைப் பொது விசாரணையிலும் சுமார் 240 பேரை இரகசியமாகவும் கேட்டு 2014இல் அறிக்கை தந்திருந்தது. ஒருவரின் திருத்தத்தால் அது சரிந்துவிடவில்லை. ஆனாலும் தாக்குதலின் வலியைத் தாங்கியவர் ஷின்தான். உங்கள் விருந்தினருக்கு அந்த நிலை நேர நீங்கள் காரணமாகிவிடக் கூடாது.

ஏன் சிறைவைத்தார்கள் என்று கேட்டு அவர் 'தெரியாது' என்றால், அதை மழுப்பல் என்று எண்ணாதீர்கள். ஒருவர்மீது சுமத்திய அரசியல் குற்றத்துக்கு மூன்று தலைமுறையையும் அடைத்த முகாம்கள் அவை. பிள்ளைகளுக்குக் காரணம் சொல்லப்பட்டிருக்காது. அதே வழக்கத்தால், அங்கே எஞ்சியிருக்கும் உறவினர்களுக்கு இன்றும் ஆபத்து உண்டு. ஊர், தொழில், உடன்பிறந்தோர் எண்ணிக்கை ஆகிய மூன்றும் சேர்ந்தாலே குடும்பத்தைக் கண்டுபிடித்துவிடுவார்கள். எதைச் சொல்லக்கூடாது, படமெடுக்கலாமா என்பதை அவரே முடிவு செய்யட்டும். பார்வையாளர் கேள்விகளைச் சீட்டில் வாங்கி நீங்கள் படித்துப் பார்த்த பிறகே கேளுங்கள். 'இருப்பதிலேயே கொடூரமான காட்சி எது' என்பது போன்றவற்றை ஒதுக்கிவிடுங்கள். மதிப்பூதியம் தருவதானால் தொகையை முன்பே பேசிக் கொடுத்துவிடுங்கள். நெஞ்சை உலுக்கிப் பேசினால்தான் பணம் என்ற எண்ணம் அவருக்கு வரவே கூடாது.

பதிவை வெளியிடும் முன் அவருக்கு அனுப்புங்கள். ஒரு ஊர்ப்பெயரை நீக்கச் சொன்னால், காரணம் கேட்காமல் நீக்கிவிடுங்கள்.