வண்டின் பக்கத்தில் எவ்வளவு நேரம்

அன்புள்ள ஐயா,

எடிட்டிங் படிக்கிறேன். உங்கள் உரையைக் கேட்டபின் பிரெஞ்சு எடிட்டர் மரி-ஜோசஃப் யோயோத்தின் படப் பட்டியலைப் பார்த்தேன். இயக்குநர் த்ரூஃபோவின் படங்கள், போலீஸ் கதை, இசைக்கலைஞர் வாழ்க்கை, பூச்சிகள் பற்றிய ஆவணப்படம் என்று எல்லாம் கலந்திருக்கிறது. அவருக்கென்று ஒரு பாணியே இல்லையே? நான் ஒரே வகைப் படத்தைப் பிடித்துக்கொள்ளட்டுமா? எந்த மென்பொருளில் பழகுவது?

கே. ஆர்.

அன்புள்ள கே. ஆர்.,

மென்பொருள் கல்லூரியில் எது இருக்கிறதோ அது போதும்.

'பாணியே இல்லையே' என்ற வரிதான் தைத்தது. போன வாரம்தான் '400 ப்ளோஸ்' (1959) படத்தை மறுபடி பார்த்தேன். த்ரூஃபோ இயக்கி, யோயோத் எடிட் செய்தது. மாணவனாக ஒரு திரைப்படச் சங்கத்தில், இரும்பு நாற்காலியில் உட்கார்ந்து முதலில் பார்த்த படம். சீர்திருத்தப் பள்ளியில் உளவியலாளர் பையனிடம் கேள்வி கேட்கும் காட்சி. கேட்பவரின் குரல் மட்டும் வரும், முகம் வராது. அது ஒரே ஷாட் என்று இருபது வருடம் நம்பியிருந்தேன், நண்பர்களிடம் அடித்தும் சொல்லியிருக்கிறேன். இப்போது நிறுத்தி நிறுத்திப் பார்த்தால், ஒரு பதில் கரைந்து அடுத்த பதிலாகிறது. டிஸ்ஸால்வ். அதே மேஜை, அதே பையன். நடுவில் எவ்வளவு பேச்சு போயிற்றோ! பையனாக நடித்த ழான்-பியர் லியோ அந்தப் பதில்களைச் சொந்தமாகவே சொன்னான். அதில் எது நிற்கும், எது போகும் என்பது எடிட்டிங் மேஜையில்தான் முடிவாகும். இயக்குநர் பங்கு எவ்வளவு, யோயோத்தின் பங்கு எவ்வளவு என்று பிரிக்க முடியாது. ஆனால் ஒரே ஒருமுறை கேள்வி கேட்பவரின் முகத்துக்குப் போயிருந்தால் அது விசாரணையாகிவிட்டிருக்கும். போகாததால் அவன் நம்மிடம் பேசுகிறான்.

நீங்கள் பட்டியலைப் பார்த்திருக்கிறீர்கள், படத்தைப் பார்க்கவில்லை. உங்கள் கடிதத்தில் ஒரு காட்சிகூட இல்லை. எனக்குக் கோபம் வந்தது அதற்குத்தான். 'போலீஸ் பைத்தான் 357', 'தூ லே மத்தான் து மோந்த்', 'மைக்ரோகாஸ்மோஸ்' மூன்றுக்கும் அவருக்கு பிரான்சின் திரைப்பட விருதான செசார் கிடைத்தது: 1977, 1992, 1997. துப்பாக்கி, பழைய தந்தி வாத்தியம், பூச்சி. அவருடைய தந்தைவழி வேர் கரீபியன் கடலிலுள்ள மார்த்தினிக் தீவில். அந்தத் தீவின் கரும்புத் தோட்டத்துப் பையனைப் பற்றி ஊசான் பால்சி எடுத்த 'ரூ காஸ்-நேக்ர்' (1983) படத்தையும் அவரே தொகுத்தார். அதையும் பாருங்கள்.

ஒரே வகையைப் பிடித்துக்கொண்டால்தான் வேலை நிச்சயம் என்று யாரோ பயமுறுத்தியிருக்கிறார்கள். அந்தப் பயம் எனக்குத் தெரியும், அதற்காக உங்களைக் குறை சொல்லமாட்டேன். ஆனால் அந்தப் பயத்துக்குப் பாணி என்று பெயர் வைக்காதீர்கள்.

'மைக்ரோகாஸ்மோஸி'ல் ஒரு சாணி வண்டு உருண்டையைத் தள்ளிக்கொண்டு போகும். உருண்டை முள்ளில் குத்தி நின்றுவிடும். வண்டு முட்டும், சுற்றி வரும், மறுபடி முட்டும். மூன்று வருடம் படம்பிடித்ததிலிருந்து தேறிய காட்சி. அவரும் ஃப்ளோரன்ஸ் ரிக்கார்டும் தொகுத்தது. ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள். எங்கே அந்த வண்டுக்காக உங்களுக்கு மூச்சு முட்டியது, அதற்குமுன் எத்தனை கட் என்று எண்ணி எனக்கு எழுதுங்கள்.