வெண்ணெய்த்தாழிக்கு வரும் தங்கை

கேள்வி: எனக்கு 47 வயது. சொந்த ஊர் மன்னார்குடி. ஒரகடத்தில் ஒரு கார் நிறுவனத்தின் கொள்முதல் பிரிவில் 22 வருடமாக வேலை. இப்போது துணைப் பொது மேலாளர். போன வருடம் என்னைவிட ஒன்பது வயது சின்னவரை எனக்கு மேலே உட்கார வைத்துவிட்டு, என்னைக் குஜராத் ஆலைக்குப் போகச் சொல்கிறார்கள். வேலையை விட்டுவிட்டு ஊரில் டிராக்டர் டீலர்ஷிப் எடுக்கப் போகிறேன். ஒரு கம்பெனியில் பேசியாயிற்று. அப்பா மூன்று வருடத்துக்கு முன் உயில் எழுதாமல் தவறிவிட்டார். ஒரு வேலி நிலமும் அம்மா குடியிருக்கும் டவுன் வீடும் உண்டு, எல்லாம் அவர் சம்பாத்தியம். நிலத்தில் பாதியை விற்று, வீட்டை வங்கியில் வைத்தால் முதல் தேறிவிடும். திருச்சியில் இருக்கும் தங்கை பங்குனித் திருவிழாவில் வெண்ணெய்த்தாழி உற்சவத்துக்கு எப்படியும் வருவாள். அப்போது அவள் பங்கை விட்டுக்கொடுப்பதாக விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கிக்கொள்ளலாம், அவள் ஒன்றும் சொல்லமாட்டாள். கல்யாணத்தில் 40 பவுன் போட்டிருக்கிறோம். நம் கருவேலியில் பிறந்த வி. கிருஷ்ணமூர்த்தி மாருதி கார் கம்பெனியை உருவாக்கப் போனபோது அவருக்கு 56 வயது. 47-இல் நான் தொடங்குவது தவறா?

பதில்: வயதைப் பற்றிக் கேட்டிருக்கிறீர்கள். வயதில் ஒன்றும் இல்லை. இளையவர் மேலே வந்து உட்கார்ந்ததைப் பற்றியும் எழுதியிருக்கிறீர்கள். அதற்கு ஆறுதல் எதிர்பார்த்திருந்தால் என்னிடம் இல்லை. பெரிய கம்பெனிகளில் 45 தாண்டிய பாதிப் பேருக்கு நடக்கிற காரியம் அது.

நான் உங்கள் கடிதத்தில் நின்ற இடம் வேறு. 'அவள் ஒன்றும் சொல்லமாட்டாள்.' அவளிடம் பேசிவிட்டேன் என்று நீங்கள் எழுதவில்லை. அவளுக்குத் தெரியும் என்றுகூட எழுதவில்லை. சாமி பார்க்க வருகிறவளைச் சார் பதிவாளர் அலுவலகத்துக்கு அழைத்துப்போய்க் கையெழுத்து வாங்குவதாகத் திட்டம். தம்பி, நீங்கள் கொள்முதல் பிரிவில் இருக்கிறீர்கள். ஒரு போல்ட்டு, ஒரு வாஷர் வாங்குவதற்கு மூன்று கொட்டேஷன் கேட்பீர்கள். சப்ளையரின் கணக்குப் புத்தகத்தைப் புரட்டிப் பார்க்காமல் ஆர்டர் போடமாட்டீர்கள். 'விலை பேசவில்லை, ஆனால் அவர் ஒன்றும் சொல்லமாட்டார்' என்று உங்கள் கீழே வேலை பார்க்கும் பையன் ஒரு கோப்பு கொண்டுவந்தால் அவன் முகத்தில் விட்டெறிவீர்கள். கூடப்பிறந்தவளின் பங்குக்கு மட்டும் விலை என்னவென்று கேட்கக்கூடத் தோன்றவில்லையே, ஏன்?

சட்டம் என்ன சொல்கிறது என்று முதலில் பாருங்கள். அப்பா தானே சம்பாதித்த சொத்து, உயில் இல்லை என்றால், அம்மா, நீங்கள், தங்கை மூவருக்கும் சமமாக ஆளுக்கு மூன்றில் ஒரு பங்கு. தாத்தா வழியில் வந்த பூர்வீகச் சொத்தாக இருந்திருந்தால் தங்கையின் பங்கு இதைவிடக் கூடியிருக்குமே தவிரக் குறைந்திருக்காது. தமிழ்நாட்டில் பெண்ணுக்குப் பூர்வீகத்தில் உரிமை என்று 1989-லேயே சட்டம் வந்தது, நாடு முழுவதற்கும் 2005-இல் வந்தது, அது பிறப்பால் வருகிற உரிமை என்று உச்ச நீதிமன்றம் 2020 ஆகஸ்டில் தெளிவாகச் சொல்லிவிட்டது. கல்யாணத்தில் போட்ட 40 பவுனை இதில் கழிக்க எந்தச் சட்டத்திலும் இடமில்லை. அந்த நகை அப்பா தன் மகளுக்குப் போட்டது. உங்களை இன்ஜினீயரிங் படிக்க வைத்த செலவை யாராவது உங்கள் பங்கில் கழித்தார்களா?

இனி மா கணக்கு. ஒரு வேலி என்றால் இருபது மா, ஏறத்தாழ 6.6 ஏக்கர். உங்கள் பங்கு ஆறே முக்கால் மாவுக்குக் கொஞ்சம் குறைவு. நீங்கள் விற்கப் போவது பாதி, அதாவது பத்து மா. உங்களுடையதைப் போல ஒன்றரை மடங்கு. மிச்சம் மூன்று மாவுக்கு மேல் அம்மாவுடையது அல்லது தங்கையுடையது. இந்தக் கணக்கை நீங்கள் ஒரு தாளில் போட்டுப் பார்த்திருந்தால் கடிதத்தையே வேறு மாதிரி எழுதியிருப்பீர்கள்.

வீட்டு விஷயம் இன்னும் மோசம். வங்கிக்காரர் ஏன் வயலை விட்டுவிட்டு டவுன் வீட்டைக் கேட்கிறார் என்று யோசித்தீர்களா? கோர்ட்டுக்குப் போகாமலே அடமானச் சொத்தை வங்கி எடுத்துக்கொள்ள 2002-இல் வந்த சர்ஃபாசி சட்டம் வழி செய்கிறது. அதில் விவசாய நிலம் சேராது. கடன் நின்றுபோனால் வயலை எடுக்க வங்கி கோர்ட்டுக்குப் போய் வருடக்கணக்கில் நிற்க வேண்டும். வீட்டுக்கு அந்தத் தொல்லை கிடையாது. தவணை 90 நாள் நின்றால் வாராக்கடன் கணக்கில் சேர்ந்துவிடும். அப்புறம் 60 நாள் நோட்டீஸ். அதுவும் முடிந்தால் ஆள் வந்து சுவரில் நோட்டீஸ் ஒட்டிப் போட்டோ எடுப்பார்கள், பேப்பரில் விளம்பரம் கொடுப்பார்கள், ஏலம் விடுவார்கள். அம்மா காலையில் தண்ணீர் தெளித்துக் கோலம் போடுகிற அந்த வாசலில்தான் இதெல்லாம் நடக்கும். வீட்டில் பங்கு இருக்கிற வரைக்கும் அம்மாவையும் தங்கையையும் ஜாமீன்தாரராகவும் கையெழுத்துப் போடச் சொல்வார்கள். தங்கை பங்கை விட்டுக்கொடுத்தால் சொத்து போயிற்று. விடாமல் ஜாமீன் போட்டால் உங்கள் கடன் அவள் குடும்பத்தின் தலையிலும் ஏறும். இந்த இரண்டில் எதற்கு அவள் ஒன்றும் சொல்லமாட்டாள் என்கிறீர்கள்?

கிருஷ்ணமூர்த்தியை இழுத்திருக்கிறீர்கள். நல்லது, அவரையே பார்ப்போம். 1925-இல் அன்றைய தஞ்சை மாவட்டத்துக் கருவேலியில் பிறந்தவர். சென்னை மாகாண மின்சார இலாகா, திட்டக் குழு என்று படிப்படியாக ஏறி 1972-இல் பெல் நிறுவனத்தின் தலைவரானார். மாருதி உத்யோக் 1981 பிப்ரவரியில் அரசு நிறுவனமாக உருவானது. 1982 அக்டோபரில் சுசூகியோடு ஒப்பந்தம், அவர்கள் முதலில் எடுத்தது 26 சதவீதம். 1983 டிசம்பர் 14-ஆம் தேதி முதல் கார் வெளியே வந்தது. இதில் அவர் வீட்டுப் பத்திரம் எங்கே இருந்தது? கார் வருவதற்கு முன்பே லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் முன்பணம் கட்டிப் பதிவு செய்துவிட்டார்கள். வாடிக்கையாளர் பணம் உள்ளே வந்து, பிறகு வண்டி போனது. டீலர்ஷிப்பில் முதலில் உங்கள் பணம் போகும், வண்டி விற்றால்தான் திரும்பி வரும். இரண்டையும் ஒரே தராசில் வைக்கக் கூடாது.

அவரிடமிருந்து எடுத்துக்கொள்ள ஒன்று இருக்கிறது, அதை நீங்கள் எடுத்துக்கொள்ளவில்லை. மாருதி ஆலையில் மேலே இருப்பவருக்கும் தொழிலாளிக்கும் ஒரே சீருடை, ஒரே கேன்டீன். சாப்பாட்டுக்குத் தட்டை எடுத்துக்கொண்டு எல்லோரும் ஒரே வரிசையில் நின்றார்கள். 1983-இல் இந்தியாவில் எந்த ஆலையிலும் சுலபமாக நடக்கிற காரியமா அது? உங்கள் வீட்டுக் காரியத்தில் மூன்று பேருக்குப் பங்கு. பேச உட்கார்ந்திருப்பது ஒருவர்.

சரி, டீலர்ஷிப்புக்கு வருகிறேன், ஏனென்றால் நீங்கள் தங்கையிடம் போய்ப் பேசும்போது கையில் இந்தக் கணக்கு இருக்க வேண்டும். ஒரு டிராக்டர் எட்டு லட்சம் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஷெட்டில் பத்து வண்டி நின்றால் 80 லட்சம். ஸ்டாக் கடனுக்கு 12 சதவீதம் வட்டி என்றால் மாதம் 80,000 ரூபாய், ஒரு வண்டிகூட விற்காத மாதத்திலும். மாதக் கடைசியில் இலக்குக்காக டீலர் தலையில் வண்டி எப்படித் தள்ளப்படும் என்பது கம்பெனிக்குள் இருந்த உங்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டாம்.

டெல்டாவில் விற்பனை தண்ணீரைப் பொறுத்தது. மேட்டூர் ஜூன் 12-இல் திறக்க வேண்டும் என்பது வழக்கம். 2022-இல் மே 24-லேயே திறந்தார்கள், 2024-இல் ஜூலை 28 ஆகிவிட்டது. இடையில் இரண்டு மாதம். குறுவை சுருங்கினால் வண்டி நகராது, வட்டி நிற்காது. வாங்கியவர் தவணை கட்டுவது சம்பா அறுவடைப் பணத்தில். அறுப்பு நேரத்தில் மழை பிடித்து நெல்லில் ஈரப்பதம் 17 சதவீதத்தைத் தாண்டினால் கொள்முதல் நிலையத்தில் மூட்டை நிற்கும், தவணையும் நிற்கும். அந்தச் சமயம் ஃபைனான்ஸ்காரர் முதலில் போன் போடுவது டீலருக்குத்தான். பழைய வண்டியை எக்ஸ்சேஞ்சில் எடுத்தால் அதிலும் பணம் முடங்கும். வரி மாறினால்கூட அடி உண்டு: 2025 செப்டம்பர் 22-இல் டிராக்டருக்கு ஜிஎஸ்டி 12-இலிருந்து 5 சதவீதம் ஆனது. விவசாயிக்கு நல்ல காரியம். ஆனால் 12 கட்டி வாங்கி வைத்திருந்த வண்டியை 5 போட்டு விற்ற டீலருக்கு அந்த வித்தியாசம் ரொக்கமாகக் கைக்கு வராமல் ஜிஎஸ்டி வரவுக் கணக்கிலேயே கிடந்தது. கம்பெனியே கடையைக் கட்டினால் என்ன ஆகும் என்பதற்கு மறைமலைநகரை நினைத்துக்கொள்ளுங்கள். 2021 செப்டம்பரில் ஃபோர்டு உற்பத்தியை நிறுத்துவதாக அறிவித்தபோது ஷோரூமுக்குக் கண்ணாடி போட்டுக் கடன் வாங்கியிருந்தவர்கள் நாடு முழுக்க இருந்தார்கள். உங்கள் ஒப்பந்தத்தில் எத்தனை நாள் நோட்டீஸில் அவர்கள் விலகலாம், விலகினால் மீதி வண்டியையும் உதிரி பாகத்தையும் யார் திருப்பி எடுப்பார்கள் என்ற இரண்டு வரியைத் தேடிப் படியுங்கள்.

இங்கே டீலரை வாழ வைப்பது ஷோரூம் இல்லை, சர்வீஸ். கேஜ் வீல் என்கிற இரும்புக் கூண்டுச் சக்கரம் மாட்டிச் சேற்றுழவு ஓட்டுகிற வண்டியில் முன் ஆக்ஸில் ஹப்பின் ஆயில் சீல்தான் முதலில் போகும். வைக்கோலும் சேறும் சுற்றிச் சுற்றிச் சீலின் உதட்டை அறுத்துவிடும். திறந்து பார்த்தால் கிரீஸோ ஆயிலோ தண்ணீர் கலந்து மோர் போல வெளுத்திருக்கும். அன்றைக்கே சீலை மாற்றி, கழுவிப் புது ஆயில் விட்டால் சில நூறு ரூபாய் பாகத்தோடு முடியும். இரண்டு நாள் விட்டால் பேரிங் தேய்ந்து ஹப்பே ஆடத் தொடங்கும். பறித்த நாற்றுமுடி வரப்பில் வாடிக்கொண்டிருக்க, வண்டி நடு வயலில் நின்றால் அந்த விவசாயிக்கு வேண்டியது பைக்கில் சீலும் ஸ்பேனரும் எடுத்து வருகிற ஒரு மெக்கானிக். ஆயில் சீல், ஹப் பேரிங், கிளட்ச் பிளேட், ஹைட்ராலிக் ஃபில்டர், ரோட்டவேட்டர் பிளேடு ஆகியவை ஜூன் முதல் வாரமே அலமாரியில் இருக்க வேண்டும். அப்படி ஒரு மெக்கானிக் உங்களிடம் வருவாரா என்று பார்த்தீர்களா? கடிதத்தில் அதைப் பற்றி ஒரு சொல் இல்லை.

செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். ராஜினாமா கடிதத்தை இப்போது கொடுக்காதீர்கள். குஜராத் போக நாள் கேளுங்கள், அல்லது போய் இருங்கள். ஒரு குறுவைப் பட்டத்தில் விடுப்பு எடுத்து, திருவாரூர், பட்டுக்கோட்டைப் பக்கம் யாராவது டீலர் சம்மதித்தால் அவருடைய உதிரி பாகக் கவுண்டரில் நாலு வாரம் நில்லுங்கள். தொடங்குவதாக இருந்தால் உங்கள் ஆறே சொச்சம் மாவும், உங்கள் பிஎஃப், பணிக்கொடையில் பிள்ளைகள் படிப்புக்கு ஒதுக்கியது போக மிஞ்சுவதும்தான் உங்கள் முதல். அதில் ஷோரூம் வராது, சர்வீஸ் ஒர்க்ஷாப்பும் பாகக் கடையும் வரும். அதில் தொடங்குங்கள். வீட்டைத் தொடாதீர்கள். அம்மா கண் இருக்கும்வரை அந்த வீடு கடனில் இருக்கக் கூடாது. இதில் எனக்கு இரண்டாவது கருத்து கிடையாது.

எல்லாவற்றுக்கும் முன்னால் திருச்சிக்குப் போங்கள். போனில் வேண்டாம், நேரில். மாப்பிள்ளையும் வீட்டில் இருக்கிற ஞாயிற்றுக்கிழமையாகப் பார்த்து, அம்மாவையும் அழைத்துக்கொண்டு போங்கள். பட்டா, தாய்ப்பத்திரம், வில்லங்கச் சான்று, வாரிசுச் சான்றிதழ், பக்கத்து நிலம் சமீபத்தில் என்ன விலைக்குப் போனது என்ற விவரம், எல்லாவற்றிலும் ஒரு நகல் அவள் கையில் கொடுங்கள். மூன்று வழியைச் சொல்லுங்கள். பாகப்பிரிவினை போட்டு அவள் பங்கை அவள் பேரில் தனிப் பட்டாவாகப் பிரித்துக்கொள்ளலாம். சந்தை விலைக்கு நீங்கள் வாங்கிக்கொள்ளலாம், பணத்தை வங்கியில் கட்டிவிட்டுப் பத்திரம். அல்லது அவள் விரும்பினால் தொழிலில் பங்குதாரராகலாம், எவ்வளவு முதல், எவ்வளவு பங்கு, வெளியேறினால் எப்படிக் கணக்கு என்று எழுத்தில். இதில் எதைத் தேர்ந்தாலும் தேராவிட்டாலும் பொங்கல் சீர் வழக்கம்போலப் போகும் என்பதையும் அங்கேயே வாய்விட்டுச் சொல்லுங்கள். அண்ணன் முகம் கோணுமோ என்ற பயத்தில் பங்கை விட்டுக்கொடுக்கும் பெண்கள் இந்த ஜில்லாவில் தெருவுக்குத் தெரு இருக்கிறார்கள். உங்கள் தங்கை அந்த வரிசையில் நிற்க வேண்டாம்.

அவள் யோசித்துச் சொல்கிறேன் என்றால் யோசிக்கட்டும், ஒரு வருடமானாலும் ஆகட்டும். இந்தப் பங்குனிக்கு அவள் வரும்போது வெண்ணெய்த்தாழிக்கு மட்டும் அழைத்துப்போங்கள்.