பிளஸ் ஒன்னில் கூட்டுக்காரன் எடுத்த குரூப்

பத்தாம் வகுப்பு ரிசல்ட் வந்த அன்று சாயங்காலமே, மார்த்தாண்டத்திலும் தக்கலையிலும் பல பிள்ளைகளின் பிளஸ் ஒன் முடிவாகிவிடுகிறது. முடிவாகும் இடம் பஸ் ஸ்டாப். "மக்கா, நீயும் நம்ம கூட வாடே" என்று கூட்டுக்காரன் கூப்பிட்டால் மறுப்பது பதினைந்து வயதில் பெரிய காரியம். அதனால், கூட்டுக்காரன் எடுத்த கணித குரூப்பையே எடுப்பேன் என்று நிற்கும் உங்கள் மகனைத் திட்டாதீர்கள்.

அவனுக்குக் கணிதம் வேண்டுமா, கூட்டு வேண்டுமா என்று முதலில் பாருங்கள். பிளஸ் ஒன் கணிதப் புத்தகத்தில் முக்கோணவியல் பாடத்தை எடுத்து, மூன்று நாள், தினமும் ஒரு மணி நேரம் தனியாகப் போடச் சொல்லுங்கள். விடை தப்பினால் பரவாயில்லை. மூன்றாம் நாள் நீங்கள் சொல்லாமலே உட்காருகிறானா என்பதுதான் கணக்கு. பத்தாம் வகுப்பு மார்க்கை மட்டும் நம்ப வேண்டாம். பழைய கேள்வித்தாள்களைத் திரும்பத் திரும்பப் போட்டும் அந்த மார்க் வரும்.

இன்ஜினியரிங் கட்-ஆஃப் 200-இல் கணிதத்துக்கு 100, இயற்பியலுக்கும் வேதியியலுக்கும் 50 வீதம். நீட் தேர்விலோ கணிதமே கிடையாது. டாக்டராக நினைக்கும் பிள்ளை கூட்டுக்காரனுக்காகக் கணிதத்தைச் சுமக்கத் தேவையில்லை. மெஷினில் கை ஓடும் பையனுக்கு நாகர்கோவில் கோணம் அரசு பாலிடெக்னிக் இருக்கிறது: மூன்று வருட டிப்ளமோ, பிறகு நேரடியாக பி.இ. இரண்டாம் வருடம்.

பெற்றோர் பலர் கவனிக்காத ஒன்று உண்டு. ஆறாம் வகுப்பு முதல் அரசுப் பள்ளியில் படித்தவன், கூட்டுக்காரர்களோடு தனியார் பள்ளிக்கு மாறினால், மருத்துவத்திலும் இன்ஜினியரிங்கிலும் உள்ள 7.5 சதவீத உள் ஒதுக்கீடு போய்விடும். பொதுவாக ஆறிலிருந்து பிளஸ் டூ வரை முழுக்க அரசுப் பள்ளியில் இருந்தால்தான் அது. அரசு உதவி பெறும் பள்ளிக்கு மாறினாலும் கிடைக்காது. தனியார் பள்ளிக்குப் போனால் கல்லூரியில் மாதம் 1000 ரூபாய் தரும் தமிழ்ப் புதல்வன் உதவியும் இல்லை. டி.சி. வாங்கும் முன் இதைப் பையனுக்கே விளக்கிச் சொல்லுங்கள்.

கூட்டுக்காரர்களிடம் மறுக்க அவனுக்கு ஒரு சாக்கும் வேண்டும். "வீட்ல அப்பா விடமாட்டேங்காரு" என்று அவன் சொல்லட்டும். பழியை நீங்கள் வாங்கிக்கொள்ளுங்கள். சாயங்கால விளையாட்டை மட்டும் நிறுத்திவிடாதீர்கள். குரூப் மாறினால் சிநேகம் முறியும் என்ற பயம்தான் அவனை இழுக்கிறது.

சேர்ந்த பிறகு தவறு தெரிந்தால் காலாண்டுத் தேர்வு வரை காத்திருக்காமல், முதல் சில வாரங்களிலேயே தலைமையாசிரியரைப் பாருங்கள். வேறு குரூப்பில் இடம் இருந்தால் அப்போதுதான் மாற்றுவது எளிது. பிள்ளை உங்களிடம் வாய் திறக்கவில்லையென்றால், பள்ளிக்கல்வித் துறையின் 14417 உதவி எண்ணை அவன் கையில் கொடுங்கள்.