கோயில் கொடைத் தகராறும் காவலர் வேலையும்

கேள்வி: இரண்டாம் நிலைக் காவலர் தேர்வில் எழுத்து, ஓட்டம், கயிறு, மெடிக்கல் எல்லாம் தாண்டிவிட்டேன். போலீஸ் வெரிஃபிகேஷனில், 2019 மே மாதம் எங்கள் ஊர்க் கோயில் கொடைத் திருவிழாவில் நடந்த அடிதடி வழக்கு குறுக்கே வந்துவிட்டது. ஏழு பேரில் நானும் ஒருவன். சாட்சிகள் பிறழ்ந்துபோய் எல்லோருக்கும் விடுதலை. வழக்கு இருந்ததை விண்ணப்பத்திலேயே எழுதியிருந்தேன். இருந்தும், ‘சந்தேகத்தின் பலனில் விடுதலை, எனவே தகுதியில்லை’ என்று ஆணை வந்திருக்கிறது. நான் பிறந்தது 2001 அக்டோபர். அடுத்த தேர்வு எழுத வயது இருக்கிறது. ஆனால் அப்போதும் இதையே சொல்வார்களே? சென்னையில் ஆள் இருக்கிறது, பணம் கொடுத்தால் முடித்துவிடலாம் என்கிறார் மாமா. என்ன செய்வது?
– பெயர் வேண்டாம், நெல்லை மாவட்டம்

பதில்: தம்பி, மாமாவின் யோசனையை இன்றோடு விட்டுவிடுங்கள். அந்தப் பணம் போனால் போனதுதான். லஞ்சம் கொடுத்தவர் மீதும் வழக்கு வரும். அப்புறம் வெரிஃபிகேஷனில் சொல்ல இரண்டு வழக்கு இருக்கும்.

உங்கள் கடிதத்தை முதல் தடவை படித்தபோது, கஷ்டம்தான் என்று நினைத்தேன். காவல் சார்நிலைப் பணி விதிகளில் 14(பி) என்று ஒன்று உண்டு. சந்தேகத்தின் பலனில் விடுதலையானவரையும் குற்ற வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே அது கருதுகிறது. 2008இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வும் இதை ஏற்றுக்கொண்டது. சாட்சி பிறழ்ந்து கிடைத்த விடுதலையை ‘கௌரவமான விடுதலை’யாக, அதாவது குற்றமற்றவர் என்று தெளிவாகத் தீர்த்து விட்டதாக, நீதிமன்றங்கள் லேசில் ஒப்புக்கொள்வதில்லை. ஊரில் சமாதானமாகிப்போன வழக்குகள் பெரும்பாலும் இப்படித்தான் முடிகின்றன. அந்தச் சமாதானமே பிறகு பையன்களின் வேலைக்கு உலை வைக்கிறது.

இரண்டாம் தடவை படிக்கும்போதுதான் உங்கள் பிறந்த மாதம் கண்ணில் பட்டது. 2001 அக்டோபருக்கும் 2019 மே மாதத்துக்கும் இடையே எத்தனை வருஷம்? பதினேழரை! சம்பவத்தன்று நீங்கள் மைனர். குற்றப்பத்திரிகை எப்போது போட்டார்கள், தீர்ப்பு எப்போது வந்தது என்பதெல்லாம் இதில் கணக்கில்லை. சம்பவ நாளில் என்ன வயது என்பதுதான் கணக்கு. உங்களைப் பெரியவர்களோடு சேர்த்து விசாரித்ததே தவறு. சிறார் நீதி வாரியத்துக்குத் தனியாகப் போயிருக்க வேண்டிய வழக்கு அது. யாரும் வயதைக் கேட்கவில்லை, நீங்களும் சொல்லவில்லை.

2015ஆம் ஆண்டு சிறார் நீதிச் சட்டத்தின் 24ஆவது பிரிவைப் பாருங்கள். சிறுவயதில் செய்த குற்றம் நிரூபணமாகி இருந்தால்கூட, அதனால் பிற்பாடு எந்தத் தகுதியிழப்பும் வரக்கூடாது என்கிறது. பதினாறு வயதுக்கு மேற்பட்டவரைக் கொடுங்குற்றத்துக்காகப் பெரியவராகவே பாவித்து விசாரித்துக் குற்றவாளி என்று தீர்த்திருந்தால்தான் விலக்கு. கொடைக் கைகலப்பு அந்த வகையில் வராது. மத்தியக் காவல் படை ஒன்றில் வேலை மறுக்கப்பட்டவரின் வழக்கில் 2019இல் உச்ச நீதிமன்றமும், மைனராக இருந்தபோது நடந்த சம்பவத்தைக் காட்டி வேலையை மறுக்க முடியாது என்றது. தண்டனை பெற்ற சிறுவனுக்கே தகுதியிழப்பு இல்லை என்றால், விடுதலையான உங்களுக்கு எப்படி வரும்? உங்கள் மனுவின் உயிர் இந்த ஒரு கேள்விதான்.

வழக்கு முடிந்துவிட்டதே, இப்போது போய் வயதைக் கிளப்பலாமா என்று தயங்காதீர்கள். எந்தக் கட்டத்திலும், இறுதித் தீர்ப்புக்குப் பிறகும் கிளப்பலாம் என்று அதே சட்டம் சொல்கிறது. பத்தாம் வகுப்புச் சான்றிதழ் போதும்.

போக வேண்டிய இடம் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை. அரசியல் சட்டம் 226ஆவது பிரிவின் கீழ் ரிட் மனு, அதாவது அரசின் ஆணையை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு. (மத்திய அரசு அலுவலக வேலை என்றால் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம், அங்கே ஒரு வருஷக் கெடு.) ரிட்டுக்கு இத்தனை நாள் என்று கெடு இல்லை. அதை நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள், தாமதமே மனுவைத் தள்ளப் போதுமான காரணமாகிவிடும். உங்கள் பேட்ச் பயிற்சிக்குப் போகும் முன் மனு போய்ச் சேர வேண்டும். வழக்கு முடியும்வரை ஓர் இடத்தைக் காலியாக வைத்திருக்க உத்தரவிடும்படி கேட்கச் சொல்லுங்கள். தேர்வு முழுவதற்கும் தடை கேட்டால் கிடைக்காது, கேட்கவும் வேண்டாம். ஆணை, தீர்ப்பின் சான்றிட்ட நகல், எஃப்.ஐ.ஆர்., நீங்கள் ‘ஆம்’ என்று எழுதிய விண்ணப்பத்தின் நகல் எல்லாம் கையில் இருக்கட்டும். விண்ணப்ப நகல் இல்லையென்றால் பத்து ரூபாய் கட்டி ஆர்.டி.ஐ.யில் கேளுங்கள். வழக்கை மறைத்தவர்களின் பாடு வேறு. 2016இல் அவ்தார் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் அவர்களுக்கும் கொஞ்சம் இடம் கொடுத்தது, ஆனால் அது கரடுமுரடான பாதை.

வக்கீல் செலவுக்கு வழியில்லையென்றால் கிளையிலுள்ள சட்டப் பணிகள் குழுவை அணுகுங்கள். பட்டியல் சாதியினர், பழங்குடியினர், பெண்கள், மாற்றுத்திறனாளிகள் போன்றோருக்கு வருமானம் பார்க்காமலே இலவசம். மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு.

ஜெயித்தாலும் உடனே பணி ஆணை கைக்கு வந்துவிடாது. ‘இந்த வெளிச்சத்தில் மறுபடி பரிசீலியுங்கள்’ என்று திருப்பி அனுப்புவதுதான் அதிகம் நடப்பது. தோற்றால் 30 நாளுக்குள் ரிட் அப்பீல் போடலாம். இதற்கிடையில் அடுத்த அறிவிப்பு வந்தால் தேர்வை எழுதுங்கள், ஓட்டத்தை விட்டுவிடாதீர்கள். விண்ணப்பத்தில் வழக்கு பற்றிக் கேட்கும் இடத்தில் இப்போதும் ‘ஆம்’தான், கூடவே ‘சம்பவத்தன்று வயது 17’ என்று ஒரு வரி சேர்த்துவிடுங்கள்.